இங்கே ஒருவரையும் எங்களுக்குத் தெரியாது

தம்பி, நீ போனை எடுக்காதபடியால் இதைத் தாளில் எழுதுகிறேன். எடுத்தாலும் "ம்" என்கிறாய், "வேலை கிடக்கு அம்மா" என்கிறாய், வைத்துவிடுகிறாய். சிக்காகோவில் அப்படி என்ன வேலை, பெற்ற தாயோடு இரண்டு வார்த்தை கதைக்க விடாத வேலை? உனக்குக் கோபம். எனக்குத் தெரியாதா உன்னை? போன மாதம் நீ என்னிடம் ஒழுங்காகக் கேட்டது ஒரே ஒரு கேள்விதான்: "ஏன் அம்மா அந்தப் பிள்ளைக்குப் பொய் சொன்னீங்கள்?" அன்றைக்கு நான் பதில் சொல்லவில்லை. இன்றைக்குச் சொல்கிறேன். வாட்ஸ்அப்பில் எழுதமாட்டேன், அதை யார் யார் வாசிக்கிறார்களோ. "ஏன், தபால்காரன் வாசிக்கமாட்டானோ?" என்று உன் அப்பா பக்கத்தில் இருந்து நக்கல் அடிக்கிறார். தபால்காரனுக்குத் தமிழ் தெரியாது என்று நினைக்கிறேன். நினைக்கிறேன், அவ்வளவுதான்.

நாம் இரண்டு பேரும் ஆளுக்கொரு கதையை மனதில் வைத்துக்கொண்டு கோபித்துக்கொண்டிருக்கிறோம். அதனால் முதலில் இருந்து சொல்லிவிடுகிறேன். நீ பிறந்து வளர்ந்த இந்தக் கோட்-டெ-நெய்ஜ் பகுதிக் கட்டடத்தை, இந்தச் செங்கல் சுவரையும் இரும்பு வெப்பக் குழாய்களையும், இடித்துவிட்டு வானத்துக்குக் கண்ணாடியில் ஒன்று கட்டப்போவதாக முதலாளி சொல்கிறார். இடிக்கலாமா கூடாதா என்று முடிவெடுக்க முன்பு நகரசபை இந்தக் கட்டடத்தின் வரலாற்றைக் கேட்டது. எப்போது கட்டினார்கள், யார் யார் குடியிருந்தார்கள், அவர்களுக்கு இந்த இடம் என்னவாக இருக்கிறது என்று எழுதித் தரவேண்டும். அதை எழுதும் வேலை நீ இருந்த அலுவலகத்துக்கு வந்தது. நீ இங்கே வளர்ந்தவன் என்பதால் ஒதுங்கிக்கொண்டு, கூட வேலை செய்த பிள்ளையை அனுப்பினாய். அந்தப் பிள்ளைக்கு நாங்கள் எல்லாரும் பொய் சொன்னோம். இப்போது அறிக்கையில் என்ன இருக்கிறது? இங்கே இருப்பவர்கள் வருவதும் போவதுமாக இருக்கிறார்கள், ஒருவரை ஒருவர் தெரியாது, இந்த இடத்தோடு ஒரு பிடிப்பும் இல்லை என்று இருக்கிறது. இடித்தால் கட்டடம் மட்டும்தான் போகும், வேறு ஒன்றும் போகாது என்று அர்த்தம். எங்கள் வாயாலேயே எங்கள் வீட்டை இடிக்கக் கொடுத்துவிட்டோம். உன் கோபம் நியாயம்தான், நான் இல்லை என்று சொல்லவில்லை.

ஆனால் நீ சந்தேகத்தை ஒரு நோய் மாதிரிக் கதைக்கிறாய், அதுதான் எனக்குச் சுடுகிறது. நான் சந்தேகப்பட்டபடியால்தான் நீ உயிரோடு இருக்கிறாய். அது கிடக்கட்டும். நீ கட்டட வரலாறு படிக்கப்போகிறேன் என்று சொன்னபோது அப்படி ஒரு படிப்பு இருக்கிறது என்பதையே நான் நம்பவில்லை. கட்டடம் கட்டப் படிக்கலாம், வரலாறு படிக்கலாம், கட்டி முடித்த கட்டடத்தைப் பற்றி என்ன படிப்பு? யாரோ பிள்ளையை ஏமாற்றுகிறார்கள் என்று நினைத்து, உனக்குச் சொல்லாமல் பஸ் ஏறிப் பல்கலைக்கழகத்துக்கே போய்ப் பார்த்தேன். வாசலில் ஒரு வயதானவர் பைப் புகைத்துக்கொண்டு நின்றார். இங்கே கட்டட வரலாறு சொல்லிக் கொடுக்கிறார்களா என்று என் பாதிப் பிரெஞ்சில் கேட்டேன். "நான்தான் சொல்லிக் கொடுக்கிறேன், மடாம்" என்றார். அவரையும் நான் முழுவதாக நம்பவில்லை. வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னபோது, "உம்மை அனுப்பினால் பாப்பரசரிட்டையே ஐடென்ரிற்றி காட் கேப்பீர்" என்றார்.

அதற்கு முன்பே எனக்கு மூக்கில் வேர்த்திருக்க வேண்டும். நியூஜெர்சியில் சித்தப்பா வீட்டுக்குப் போன கோடையில், எல்லாரும் கப்பலில் போய்ச் சுதந்திர தேவி சிலை பார்க்க ஆசைப்பட்டார்கள். நீ நியூயோர்க் தெருமுனையில் ஒரு பழைய கட்டடத்துக்கு முன்னால் அண்ணாந்து நின்றுவிட்டாய். முதலில் லிப்ட் வந்ததாம், பிறகு இரும்புச் சட்டகம் வந்ததாம், அதற்குப் பிறகுதான் அமெரிக்க நகரங்கள் மேலே மேலே போனதாம். மூச்சு விடாமல் சொல்லிக்கொண்டே போனாய். நான் ஒரு சொல்லும் கேட்கவில்லை. உன் முதுகுப் பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, பக்கத்தில் வருகிறவன் போகிறவன் எல்லாருடைய கைகளையும் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்படித்தான் நாம் இருவரும் ஊர் பார்த்தோம். நீ கட்டடத்தைப் பார்த்தாய், நான் கைகளைப் பார்த்தேன்.

உன் புத்தகப் பெட்டிகள் இன்னும் நடு ஹோலில்தான் கிடக்கின்றன. "அங்க லைப்ரரியில எல்லாம் இருக்கு அம்மா" என்று சொல்லி விட்டுவிட்டுப் போனாய். லைப்ரரியில் இருப்பதை ஏன் காசு கொடுத்து வாங்கினாய்? அம்மா பொழுது போகாமல் எடுத்து வாசிப்பாள், வாசித்தாலாவது விளங்கும் என்று வேண்டுமென்றே விட்டாயோ? விட்டிருந்தால் கெட்டிக்காரன்தான், ஏனென்றால் வாசித்தேன். கன்னியாஸ்திரிகள் படிப்பித்த ஆங்கிலம் இன்னும் முழுதாகச் சாகவில்லை. தெரியாத சொல்லைப் போனில் தட்டிப் பார்ப்பேன். ஆஸ்பத்திரிச் சமையலறை வேலையை விட்ட பிறகு எனக்கு வேறு என்ன வேலை?

முதல் புத்தகத்தின் முதல் பக்கத்திலேயே எனக்குச் சண்டை வந்துவிட்டது. அமெரிக்கா வெறும் நிலமாம். அதில் அளவுகோல் வைத்துக் குறுக்கும் நெடுக்கும் கோடு இழுத்து, சதுரம் சதுரமாக விற்று, அப்படியே நகரம் வளர்ந்ததாம். வெறும் நிலம் என்று யார் சொன்னது? ஊரில் எங்கள் பக்கத்திலும் ஆமி முள்ளுக்கம்பி அடித்தபோது வெறும் காணி என்றுதான் சொன்னார்கள். அடுக்களையில் உலை கொதித்துக்கொண்டிருந்த காணி. பக்கத்தைத் திருப்பினேன். ட்ராம் வந்தது, சனம் நகரத்துக்கு வெளியே போய்க் குடியிருந்தது. கார் வந்தது, இன்னும் வெளியே போனது. பிறகு அந்தக் கார் ஓடுவதற்கு நகரத்தின் நடுவால் பெருந்தெரு வெட்டினார்கள். வெட்டிய இடம் எல்லாம் பார், தம்பி, ஏழைகளும் கறுப்புச் சனமும் இருந்த இடமாகத்தான் இருக்கிறது. ஒரு பணக்காரனுடைய பூந்தோட்டத்துக்குள்ளாலும் அந்தத் தெரு போகவில்லை. இதை உன் புத்தகக்காரர்களும் ஒத்துக்கொள்கிறார்கள். ஆனால் வரைபடத்தைக் காட்டிச் சொல்கிறார்கள், சனத்தைக் காட்டிச் சொல்லவில்லை. சனத்தைப் பற்றி ஏன் இவ்வளவு குறைவாக எழுதுகிறார்கள் என்று எனக்கு அவர்கள் எல்லார் மேலும் சந்தேகம். இதை மனதில் வைத்துக்கொள், பிறகு வருகிறேன்.

இப்போது அந்தப் பிள்ளையின் கதை. ஐப்பசி மாதம். உனக்குத் தெரியும், செபமாலை மாதத்தில் மாதா சொரூபம் எங்கள் கட்டடத்தில் வீடு வீடாகப் போகும். ஒரு வீட்டில் செபம் முடிய, அடுத்த வீட்டுக்காரர் வந்து கையில் ஏந்திக்கொண்டு போவார்கள். மேல்மாடித் திருகோணமலைக்காரர் சைவம், அவர்கள் வீட்டுக்கும் போகும், அவர்கள் குத்துவிளக்குக் கொளுத்தி வைப்பார்கள். அன்றைக்கு எங்கள் வீட்டு முறை. மாதாவை அலுமாரிக்கு மேல் வைத்து, பூச் சாத்தி, ஊரெல்லாம் இரவல் வாங்கிய கதிரைகளை வரிசையாகப் போட்டுவிட்டு மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கிறேன், கதவைத் தட்டுகிறாள்.

"போன்ஜூர் மடாம்" என்றாள். பிறகு என் முகத்தையும் வாசலில் கிடந்த செருப்புகளையும் பார்த்துவிட்டு, "அன்ரி, நீங்க தமிழா? இந்தக் கட்டடத்தப் பத்தி ஒரு ஆய்வு செய்யிறம். நீங்க எவ்வளவு காலமா இஞ்ச இரிக்கிறீங்க?" என்றாள். மட்டக்களப்புத் தமிழ். இங்கே பிறந்து பிரெஞ்சில் படித்த பிள்ளை, ஆனாலும் தாய் தகப்பனுடைய தமிழ் நாக்கில் அப்படியே இருக்கிறது. வெள்ளைக்காரப் பிள்ளை என்றால் ஒரு கோப்பி போட்டுக் கொடுத்து உண்மையைச் சொல்லியிருப்பேனோ என்னவோ. தமிழில் கேட்டபடியால்தான் கதவைப் பாதி சாத்திப் பிடித்துக்கொண்டேன்.

இது உனக்கு விளங்காது, விளங்கவும் வேண்டாம் என்றுதான் உன்னை இங்கே பெற்றேன். அங்கே, சண்டைக் காலத்தில், வீடு வீடாக வந்து யார் யார் இருக்கிறீர்கள் என்று கேட்டவர்களும் நல்ல தமிழில்தான் கேட்டார்கள். சிரித்துக்கொண்டுதான் கேட்டார்கள். எந்தப் பக்கத்து ஆள் என்று வாசலில் வைத்துக் கண்டுபிடிக்க முடியாது. அதனால் எங்களுக்கு ஒரு வழக்கம் வந்துவிட்டது. எவ்வளவு காலம் என்றால், இப்போதுதான் வந்தோம். இருப்பீர்களா என்றால், சீக்கிரம் போய்விடுவோம். பக்கத்து வீட்டில் யார் என்றால், தெரியாது. தெரியும் என்று சொன்னால் அடுத்த கேள்வி அவர்களைப் பற்றி வரும். அந்த அடுத்த கேள்விக்கு ஒரு அப்பாவியைக் காட்டிக் கொடுக்காமல் பதில் சொல்ல முடியாது. யாரும் சொல்லித் தந்ததில்லை, ஆனால் எங்களில் யாரைத் தட்டி எழுப்பிக் கேட்டாலும் இந்த மூன்று பதிலும் வரும்.

"இப்பதான் வந்தனாங்கள்" என்றேன் நான். "கெதியில போயிடுவம்."

"மத்த வீட்டு ஆக்களோட பழக்கம் இரிக்கா, அன்ரி?"

"இஞ்ச ஒருத்தரையும் எங்களுக்குத் தெரியாது பிள்ளை."

அவள் என் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தாள். மாதா நிற்கிறா, பூ நிற்கிறது, கலியாண வீடு மாதிரிக் கதிரைகள் நிற்கின்றன. "வீட்டில ஏதாவது விசேசமா?" என்று கேட்டாள்.

"இல்லை. கதிரை துடைக்க அடுக்கினனான்" என்றேன். மாதாவே, உம்முடைய முகத்துக்கு முன்னால் அதை எப்படிச் சொன்னேனோ!

அவள் படியேறி மற்ற வீட்டுக்குப் போக முன்பு எல்லா வீட்டுக்கும் என் போன் போய்விட்டது. மேல் வீட்டு ஜெயம் அக்காவுக்கு, திருகோணமலைக்காரருக்கு, மிச்சப் பேருக்கும். "ஒருத்தி வாறாள். தமிழ்தான், அதுதான் பயமாக் கிடக்கு. ஒண்டும் சொல்லாதேங்கோ. இப்பதான் வந்தனாங்கள், ஒருத்தரையும் தெரியாது, அவ்வளவுதான்." கீழ் வீட்டு ஹெயிட்டிக்காரப் பெண்ணுக்கும் பாதிப் பிரெஞ்சில் சொன்னேன். அவள் என்னைவிடக் கெட்டிக்காரி, கதவையே திறக்கவில்லை. ஜெயம் அக்கா செபத்துக்குக் கடலை அவிக்க என்னிடம் வாங்கிப் போன பெரிய சட்டியைக் கையில் வைத்துக்கொண்டே, என்னை யாரென்றே தெரியாது என்று சொல்லியிருக்கிறா. அன்றைக்குப் பின்னேரம் செபம் முடியச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம். நான் பெரிய தளபதி மாதிரி நடுவில் இருந்தேன்.

பிறகு தைப்பொங்கல் முடிய நீ சிக்காகோவுக்குப் போனாய், மாசியில் அறிக்கை வெளியில் வந்தது, நீ எனக்குப் போன் அடித்தாய். "அம்மா, அது எங்கட கட்டடத்தைக் காப்பாத்த வந்த பிள்ளை. நீங்கள் எல்லாரும் ஒரே மாதிரி, ஒரே வசனம் சொல்லியிருக்கிறியள். அவள் கேட்டதைத்தானே எழுதுவாள்?" என்றாய். நான் எரிந்து விழுந்தேன். "அப்ப நீ ஏன்ரா முதலே ஒரு சொல்லுச் சொல்லேல்லை?" என்று கத்தினேன். "நான் சொன்னா நான் சொல்லிக்குடுத்த மாதிரி ஆயிடும். ஒருத்தரும் நம்பமாட்டினம்" என்றாய். பார்த்தாயா? நீயும் சந்தேகத்தில்தான் வாயைப் பொத்திக்கொண்டு இருந்திருக்கிறாய். எனக்குப் பிறந்த பிள்ளைதான் நீ, அதில் மட்டும் எனக்குச் சந்தேகம் இல்லை.

அதற்குப் பிறகு, கோபத்தைக் காட்ட ஆள் இல்லாமல் உன் புத்தகங்களோடு மல்லுக்கட்டினேன். பெரிய தடித்த புத்தகம் ஒன்று, நகரத்தின் நடுவில் பழைய தெருக்களைத் துடைத்து எடுத்ததைப் பற்றியது. அதில் ஒரு படம். செங்கல் வீடுகள், ஒட்டி ஒட்டி. ஒரு யன்னலில் இருந்து எதிர் யன்னலுக்குக் கொடி கட்டி உடுப்புக் காயப்போட்டிருக்கிறார்கள். ஒரு படியில் பால் போத்தல். ஒரு மனுசர் இல்லை. கீழே என்ன எழுதியிருக்கிறது என்று போனில் தட்டித் தட்டி வாசித்தேன். இடிக்க முன்பு எடுத்த படமாம். இங்கே இருந்தவர்கள் அடிக்கடி இடம் மாறுகிறவர்களாம், தங்களுக்குள் அவ்வளவு பழக்கம் இல்லாதவர்களாம். நீ எனக்கு வாசித்துக் காட்டிய எங்கள் அறிக்கை மாதிரியே இருந்தது.

எனக்கு ஆத்திரம் வந்தது. புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு போய் அப்பாவின் மடியில் போட்டேன். "பாருங்கோ, இந்த எழுதினவன் எவ்வளவு பொய்க்காரன் எண்டு! உடுப்புக் காயுது, பால் போத்தல் நிக்குது. எதிர் வீட்டுக்காரியைத் தெரியாமல் அவளின்ர யன்னலில கொடி கட்டேலுமே? ஒருத்தரை ஒருத்தர் தெரியாதாம்!"

அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படத்தைப் பார்த்தார். ஆறுதலாகப் பார்த்தார். பிறகு சொன்னார்: "அவன் ஏன் பொய் சொல்லோணும்? அந்தக் கட்டடத்திலயும் உம்மைப் போல ஒரு மனுசி இருந்திருப்பா."

அப்படியே கதிரையில் இருந்துவிட்டேன், தம்பி. அத்தனை நாளும் எழுதினவர்களைத்தான் சந்தேகப்பட்டேன். அந்தச் சனம் தாங்களே வாயைப் பொத்தியிருக்கும் என்று ஒரு நாளும் நினைக்கவில்லை. இடிக்க முன்பு படம் எடுக்க வந்தவன் கதவைத் தட்டியிருப்பான். எவ்வளவு காலம் என்று கேட்டிருப்பான். அவர்களுக்கும் கதவு தட்டுகிறவர்களைப் பற்றி ஏதோ தெரிந்திருக்கும், எங்களைப் போல. அவர்களில் ஒருத்தி படியில் முந்தி ஓடி மற்றவர்களுக்குச் சொல்லியிருப்பாள். அவள் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அவள் யாரையோ ஒளித்து வைத்திருந்திருப்பாள் என்றுதான் நினைத்தேன்.

ஏனென்றால் நானும் ஒளித்துத்தான் வைத்திருக்கிறேன். பழைய பயத்தில் பொய் சொன்னேன் என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். அது பாதிதான். மிச்சப் பாதியை இப்போது எழுதுகிறேன், வாசித்துவிட்டு நீ என்ன செய்யவேண்டும் என்று சொல்லத் தேவையில்லை. எங்கள் கட்டடத்தில் ஒருத்தி இருக்கிறாள். அவளுடைய அகதி வழக்கைத் தள்ளிவிட்டார்கள், திரும்பவும் எழுதிப் போட்டுவிட்டுக் காத்திருக்கிறாள். எந்த வாடகைப் பத்திரத்திலும் அவள் பெயர் இல்லை. லொங்குய்ய் பக்கம் கந்தோர் துப்புரவு வேலைக்குப் போய் வருகிறாள். கொஞ்ச நாள் இருக்கிறேன் என்று வந்தவள், எங்களோடேயே இருந்துவிட்டாள். எந்த மாடி, எந்தக் கதவு என்று எழுதமாட்டேன். பெயரும் எழுதமாட்டேன். உன்னை நம்பாமல் இல்லை. தாள் கீழே விழும், காற்று எடுத்துக்கொண்டு போகும்.

எங்களுக்கு ஒருவரை ஒருவர் தெரியும் என்று சொன்னால் அடுத்த கேள்வி எங்கே போய் நிற்கும் என்று இப்போது விளங்குகிறதா?

நகரசபையில் சனம் நேரில் வந்து கதைக்கலாம், இன்னொரு கூட்டம் இருக்கிறது என்று நிரோ வந்து சொன்னாள். ஓம், அந்தப் பிள்ளைதான், நிரோ. நாங்கள் அவ்வளவு பொய் சொல்லியும் திரும்பி வந்தாள். உன் பெயரைச் சொன்னாள், என்னை நேராகப் பார்த்தாள், கோபப்படவில்லை. முதலில் நான் கதவைச் சங்கிலி போட்டபடிதான் கதைத்தேன். கதைத்து முடிய உள்ளே கூப்பிட்டுக் கோப்பி கொடுத்தேன்.

கூட்டத்துக்குப் போக முன்பு அவளிடம், அந்த ஒருத்தியிடம், கேட்கவேண்டும் என்று போனேன். கீழே துணி தோய்க்கும் அறையில் உடுப்பு மடித்துக்கொண்டு நின்றாள். "நாங்கள் போய் உண்மையைச் சொல்லப்போறம். நீ வேண்டாமெண்டா நான் போகேல்லை" என்றேன். சும்மா சொல்லவில்லை, அவள் வேண்டாம் என்றிருந்தால் போயிருக்கமாட்டேன், கட்டடம் போனாலும்.

அவள் ஒரு போர்வையின் இரண்டு மூலையை என்னிடம் தந்தாள். இருவரும் பிடித்து மடித்தோம். "போய்ச் சொல்லுங்கோ அக்கா. இது இடிஞ்சா உங்களுக்கு வேற வீடு தருவினம். எனக்கு ஆர் தருவினம்?" என்றாள். "என்னை மட்டும் விட்டிட்டுச் சொல்லுங்கோ."

"விட்டிட்டுத்தான் சொல்லுவன்."

அவள் போர்வையைக் கூடைக்குள் வைத்துவிட்டு, என்னைப் பார்க்காமல் கேட்டாள்: "செபத்தில நான்தானே பாட்டுத் தொடங்கிறனான். அதையும் சொல்லமாட்டியள், என்ன?"

"அதையும் சொல்லேலாது பிள்ளை" என்றேன். "ஓம், ஓம், சும்மாதான் கேட்டனான்" என்று சிரித்தாள். எனக்கு அந்த இடத்தில் அழுகை வந்துவிட்டது. கூடையைத் தூக்கிக்கொண்டு அவள்தான் என்னைப் படியில் ஏற்றிவிட்டாள்.

போன கிழமை கூட்டம். கட்டடமே திரண்டு போனோம், ஜெயம் அக்கா சேலை உடுத்துக்கொண்டு வந்தா. மேடையில் மேசை போட்டு நாலைந்து பேர் இருந்தார்கள், முதலாளியின் வழக்கறிஞர் முன்வரிசையில். எனக்குப் பிரெஞ்சு காணாது, நிரோ மொழிபெயர்க்கிறேன் என்று ஒலிவாங்கிக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். என் சொல்லை மாற்றிவிடுவாளோ என்று எனக்கு ஒரு யோசனை. அதனால் தொடங்கும்போதே, "நான் இந்தப் பிள்ளைக்குப் பொய் சொன்னனான்" என்று சொல்லிவிட்டு அவள் வாயைக் கவனித்தேன். அப்படியே சொன்னாள். அதில்தான் எனக்கு அவள் மேல் நம்பிக்கை வந்தது. அவள் கழுத்தில் சுற்றியிருந்த சால்வை நான் உனக்கு நத்தார்ப் பண்டிகைக்கு வாங்கித் தந்த சால்வை. கூட வேலை செய்த பிள்ளை என்று மட்டும் எனக்குச் சொன்னாய் நீ. அதைப் பற்றிப் பிறகு கதைப்போம்.

எல்லாம் சொன்னேன். நீ இந்தப் படிகளில்தான் நடை பழகினாய் என்று சொன்னேன். பனிப்புயலில் மின்சாரம் போனபோது கட்டடம் முழுவதும் ஜெயம் அக்காவின் காஸ் அடுப்பில் ஒரே சட்டியில் சமைத்துச் சாப்பிட்டதைச் சொன்னேன். மாதா வீடு வீடாகப் போவதையும், சைவ வீட்டில் விளக்குக் கொளுத்துவதையும் சொன்னேன். அப்பா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது ஹெயிட்டிக்காரப் பெண் என் கதவில் சாப்பாடு கட்டிவிட்டுப் போனதைச் சொன்னேன். வழக்கறிஞர் எழும்பி, "மடாம், முன்பு ஒருவரையும் தெரியாது என்றீர்கள். இப்போது எல்லாரையும் தெரியும் என்கிறீர்கள். எதை நம்புவது?" என்று கேட்டார். நல்ல கேள்வி. நான் அவர் இடத்தில் இருந்தாலும் அதைத்தான் கேட்டிருப்பேன். "என்னை நம்பவேண்டாம். வந்து பாருங்கோ" என்றேன். நிரோ சொன்னாள். பின்னால் இருந்து கை தட்டினார்கள், அதுவும் எங்கள் ஆட்கள்தான்.

முடிவு இன்னும் வரவில்லை. வந்து பார்ப்போம் என்றிருக்கிறார்கள். வருவார்களோ, வந்தாலும் கண்ணைத் திறந்து பார்ப்பார்களோ, எனக்கு நம்பிக்கை குறைவு. இடித்தாலும் இடிப்பார்கள், தம்பி. அப்படி நடந்தால் நீ என்னைத் திட்டாதே, நான் என்னையே திட்டிக்கொண்டுதான் இருப்பேன்.

உனக்கு நான் சொல்ல வந்தது இதுதான். இந்தக் கட்டடத்தைப் பற்றி ஒரு நாள் நீ எழுதுவாய் என்று நிரோ சொல்கிறாள். எழுது. அமெரிக்காவில் இருந்துகொண்டு அந்த நகரங்களைப் பற்றியும் எழுது. ஆனால் சந்தேகப்பட்டு எழுது. எழுதின பேப்பரை மட்டும் சந்தேகப்படாதே, அது எல்லாரும் செய்வார்கள். வாய் திறந்து சொன்னவர்களையும் சந்தேகப்படு, என்னை மாதிரி மனுசிகளை. நல்ல மனத்தோடு பொய் சொல்கிறவர்களைக் கண்டுபிடிக்கிறதுதான் கஷ்டம். கண்டுபிடித்தாலும், ஏன் சொன்னார்கள் என்று கேட்க முன்பு கொஞ்சம் யோசி. சில நேரம் பதில் ஒரு ஆளாக இருக்கும். அந்த ஆளை நீ எழுதக்கூடாது.

கூட்டத்தில் கடைசியாக மேசையில் இருந்த ஒரு பெண், வயதானவ, நல்ல முகம், செபத்தைப் பற்றி இன்னொரு முறை கேட்டா. எல்லா வீட்டாரும் வருவார்களா என்று கேட்டா. வருவார்கள் என்றேன். பாடுவீர்களா என்றா. பாடுவோம் என்றேன். யார் தொடங்குவார்கள் என்று கேட்டா, சும்மா ஆசையில்தான் கேட்டா, அதில் ஒரு வஞ்சகமும் இல்லை. எங்கள் ஆட்கள் எல்லாரும் குனிந்துகொண்டார்கள். நாங்கள் எல்லாரும் சேர்ந்துதான் தொடங்குவோம் என்று நான் சொன்னேன், நிரோ அப்படியே சொன்னாள், அந்த அம்மா எழுதிக்கொண்டா.

தம்பி, அது பொய். அவளைப் போல ஒரு குரல் இந்தக் கட்டடத்தில் வேறு ஒருவருக்கும் இல்லை.

அம்மா